மீசை வந்த காரணம்

1981-ஆம் ஆண்டு ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் வெளியிட்ட 'டாங்கி காங்' என்ற வீடியோ கேமில், ஏணிகளில் ஏறியும், உருண்டு வரும் பீப்பாய்களைத் தாண்டிக் குதித்தும், உச்சியில் சிறைப்பட்டிருக்கும் பெண்ணை மீட்கச் செல்லும் ஒரு குட்டித் தச்சன் தோன்றினான். பிற்காலத்தில் மாரியோ என்ற பெயரில் உலகம் முழுவதும் பிரசித்தி பெற்றவன் இவனே. இவனைச் சிருஷ்டித்த ஷிகெரு மியமோட்டோ, இவனுடைய அங்க லட்சணங்களுக்குக் கூறிய காரணங்கள் அழகியல் பயின்றவர்களுக்குச் சற்று ஏமாற்றம் தரக்கூடியவை. இருந்த சில பிக்சல்களில் வாய் வரைய இடமில்லை. ஆகையால் மூக்கைப் பெரிதாக்கி அதன் கீழே ஒரு மீசையை வைத்தார். குதிக்கும்போதும் விழும்போதும் தலைமயிர் பறப்பதைக் காட்ட வழியில்லை. ஆகையால் தொப்பி வந்தது. ஓடும்போது கை வீசுவது உடம்போடு கலந்து மறைந்துவிடக்கூடாது. ஆகையால் சட்டைக்கு ஒரு வர்ணமும், அதன்மேல் மாட்டிய தோள்வார்க் கால்சட்டைக்கு வேறொரு வர்ணமும் அமைந்தன.

இக்காரணங்களை அறிந்த பிறகும் மாரியோவின் மீது எனக்கிருந்த மதிப்பு குறையவில்லை; மாறாக, கலையில் உண்டாகும் பல நல்ல காரியங்களுக்குப் பின்னால் கலைஞனுடைய தரிசனம் நின்றதைக் காட்டிலும் அவனுடைய கைமுதலின் குறைவே அதிகமாக நின்றிருக்கிறது என்று எனக்கு நெடுநாளாக இருந்துவந்த சந்தேகம் ஊர்ஜிதமாயிற்று. வாயில்லாத அந்த முகத்தில் சிரிப்பையும் திகைப்பையும் ஆடுபவரே கொண்டுவந்து வைக்க வேண்டியிருந்தது. பள்ளத்தில் விழும்போது அவன் முகம் எப்படிச் சுருங்கியது என்று அந்நாளில் ஆடிய பிள்ளைகளைக் கேட்டால், திரையில் ஒருபோதும் இல்லாத ஒரு சுருக்கத்தை அவர்கள் தயங்காமல் வர்ணிப்பார்கள். பொய் சொல்கிறார்கள் என்று அதற்கு அர்த்தமில்லை. பாதி வரைந்து பாதி விடப்பட்ட சித்திரத்தின் மறுபாதி எங்கே வரையப்படுகிறதோ, அங்கே அவர்கள் அதைக் கண்டிருக்கிறார்கள்.

அந்தப் பிள்ளைகள் வளர்ந்து பெரியவர்களாகி, கையில் வல்லமை மிக்க கணினியும் இராப்பொழுதும் வாய்க்கப் பெற்றவுடன், அவர்களில் ஒரு சாரார் தாம் அகத்திலே கண்ட மறுபாதியைப் புறத்திலே வரைந்து காட்டிவிட வேண்டும் என்று புறப்பட்டார்கள். ஒரு பைசா ஊதியமின்றி, பாத்திரத்துக்கு உரிமையுடைய நிறுவனத்தின் அனுமதியுமின்றி, பெரும்பாலும் ஒரே ஆள் அமர்ந்து செய்யும் இந்த அனிமேஷன் படங்களைப் பொழுதுபோக்கு என்று ஒதுக்கிவிடுவது சுலபம். ஆனால் மூலத்தின்மேல் தீராத பிரியம் கொண்ட ஒருவன், மூலம் சொல்லாமல் விட்டதைத் தானே சொல்லத் துணிகிற இந்தக் காரியத்தை நாம் முன்பே அறிவோம். உரையாசிரியர்கள் செய்தது இதுதான். சொல்லுக்குச் சொல் நின்று பொருள் உரைத்தவர்களும் உண்டு. தமக்கு வேண்டிய பொருளுக்காகச் செய்யுளின் அடிகளையே இடம் மாற்றிக் கூட்டி உரைத்த நச்சினார்க்கினியரும் உண்டு. ரசிகர்கள் இயற்றும் அனிமேஷனிலும் இந்த இரண்டு வகையாரையும் காணலாம். அவர்களுக்குள் ஒரு பெரும் பிரிவினருக்கு வந்திருக்கும் மோகம், அந்தப் பாத்திரங்களை மெய்யான மனிதர்களைப்போல, மெய்யான பிராணிகளைப்போல ஆக்கிக் காட்டுவது. இந்த மோகத்தைப் பற்றியே எழுத விரும்புகிறேன்.

சாதனங்கள் மலிந்தது இதற்கு முதற்காரணம். 1996-இலேயே 'குவேக்' என்ற விளையாட்டுக்குள் அதன் ஆட்டக்காரர்கள் 'டயரி ஆஃப் எ கேம்பர்' என்ற சிறு படத்தைப் பதிவுசெய்தார்கள். ஆனால் அது விளையாட்டு கொடுத்த பொம்மைகளை அப்படியே ஆட்டிவைத்த வேலை. 2002-ஆம் ஆண்டில், முதலீட்டாளர்கள் கைவிட்டதால் முடங்கிக் கிடந்த 'பிளெண்டர்' என்ற முப்பரிமாண மென்பொருளை, டச்சுக்காரரான டான் ரோசெண்டால் பொதுமக்களிடம் நிதி திரட்டி ஒரு லட்சம் யூரோ கொடுத்து மீட்டு, யாவருக்கும் இலவசமாக்கினார். 2012-இல் வால்வ் நிறுவனம் தன் விளையாட்டுகளின் உருவங்களைக் கொண்டு படம் எடுக்கும் 'சோர்ஸ் ஃபிலிம்மேக்கர்' கருவியைப் பொதுவில் வைத்தது. 2015 மார்ச்சில் எபிக் நிறுவனம் மாதக் கட்டணம் வாங்கிவந்த தன் 'அன்ரியல் எஞ்சின் 4'-ஐ இலவசமாகத் திறந்துவிட்டது. பெருங்கலையகங்களின் பூட்டிய அறைகளில் இருந்த தச்சுக்கருவிகள் இப்படி ஒவ்வொன்றாகத் தெருவுக்கு வந்தன.

கருவி இலவசமானாலும் காலம் இலவசமாகவில்லை. நொடிக்கு 24 சட்டகங்கள் என்று கொண்டால் ஐந்து நிமிஷப் படத்துக்கு 7,200 சட்டகங்கள் வேண்டும். ஒளி எங்கே பட்டு, எங்கே சிதறி, எங்கே நிழல் கொள்கிறது என்று கணித்து ஒரு சட்டகத்தை ரெண்டர் செய்ய வீட்டுக் கணினிக்குப் பத்து நிமிஷம் ஆகும் என்று வைத்துக்கொண்டால், இரவு பகல் ஓயாமல் ஓடினாலும் ஐம்பது நாட்கள். உருவத்தைச் செதுக்கி, அதற்குள் எலும்புக்கூட்டைப் பொருத்தி, அசைவுகளை அமைத்த பிறகு தொடங்குகிற கணக்கு இது. ஐம்பதாம் நாள் படத்தைப் போட்டுப் பார்க்கையில், பாத்திரத்தின் பாதம் தரையில் ஊன்றாமல் எண்ணெயில் வழுக்குவதுபோல் ஓரங்குலம் நகர்வது தெரிந்தால், அந்த மனிதனின் துக்கத்தை என்னால் ஊகிக்க மட்டுமே முடிகிறது.

இத்தனை பிரயாசையில் உண்டாகும் மாரியோவின் முகத்தைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். மூக்கின் மேல் மயிர்க்கால்கள் தெரிகின்றன. மீசையின் ரோமங்கள் தனித்தனியே எழுந்து, நுனியில் இலேசாக நரைத்திருக்கின்றன. காதுக்குப் பின்னால் விளக்கு வைத்தால், தோலுக்குள் புகுந்த ஒளி மடலின் விளிம்பில் செக்கச்சிவந்து கசிகிறது. அது அசல் சதையின் இயல்பு. கண்ணின் ஈரம் பளபளக்கிறது. எல்லாம் சரியாக இருக்கிறது, பார்க்கத்தான் சகிக்கவில்லை. நமக்கு முன்னே நிற்பவன், கடையிலிருந்து வாடகைக்கு வாங்கிய உடுப்பைப் போட்டுக்கொண்டு நடுவயதின் களைப்போடு நிற்கும் யாரோ ஒருவன். தொப்பியும் மீசையும் எந்தக் குறையை மறைக்க வந்தனவோ அந்தக் குறை நீங்கிவிட்டபடியால், அவை இனி அங்கே இருப்பதற்கே நியாயமில்லை. நியாயம் போன பிறகும் ஒட்டிக்கொண்டிருக்கும் அங்கங்கள் விகாரமாகத் தோன்றாமல் வேறெப்படித் தோன்றும்?

இந்த அருவருப்பை 1970-லேயே மசாஹிரோ மோரி என்ற டோக்கியோ தொழில்நுட்பப் பேராசிரியர் ஒரு கோட்டுப் படமாக வரைந்து காட்டியிருக்கிறார். மனிதனைப் போன்ற உருவங்களிடத்தில் ஒப்புமை ஏற ஏற நமக்குப் பிரியமும் ஏறிக்கொண்டே போய், முழு ஒப்புமைக்குச் சற்று முன்பாகத் திடீரென்று ஒரு பள்ளத்தில் விழுந்துவிடுகிறது என்பது அவருடைய சித்தாந்தம். இருட்டில் ஒருவருடைய கையைக் குலுக்குகிறோம். அது குளிர்ந்து, எலும்பற்றதுபோல் துவளுகிறது. செயற்கைக் கை என்று அறிந்த கணத்தில் மெய் சிலிர்க்கிறது. அசைவு சேர்ந்தால் பள்ளம் இன்னும் ஆழமாகும் என்றும் அவர் எழுதினார். இந்தப் பள்ளத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் அநேகர். அதே கட்டுரையில் அவர் காட்டிய மாற்று வழியை நினைவில் வைத்திருப்பவர்கள் சிலரே. புத்த விக்கிரகங்கள் செய்யும் தச்சர் ஒருவர் செதுக்கிய மரக்கையை அவர் எடுத்துக்காட்டுகிறார்: விரல்கள் கணுவில் இயல்பாக மடிகின்றன, ரேகை இல்லை, தோலின் நிறம் இல்லை, மரத்தின் நிறமே இருக்கிறது, ஆயினும் அதன் வளைவில் உள்ள அழகினால் அது எவரையும் அச்சுறுத்துவதில்லை. ஜப்பானியப் புன்ராக்கு பொம்மலாட்டத்தையும் அவர் சொல்கிறார். அந்தப் பொம்மை கிட்டத்தில் பார்த்தால் மனிதனைப் போலவே இல்லை. முகமும் அதிகம் அசைவதில்லை. பிரதான பாத்திரம் ஒன்றை மூன்று பேர் சேர்ந்து, சபையோர் கண் முன்பாகவே நின்று ஆட்டுகிறார்கள். ஆனால் அது அழுகைக்காகத் தோளைச் சரிக்கும்போது சபையும் உடன் சரிகிறது.

மோரியின் யோசனையை ஹாலிவுட் கேட்கவில்லை. 1991-இல் சேகா நிறுவனத்துக்காக நயோட்டோ ஓஷிமா வரைந்த சோனிக் என்ற நீல முள்ளெலிக்கு இரண்டு கண்களும் ஒன்றாய்ச் சேர்ந்த ஒரே வெண்பரப்பு. அதில் இரண்டு கருமணிகள். கையில் வெள்ளை உறை. 2019 ஏப்ரல் 30-ஆம் தேதி வெளியான திரைப்பட முன்னோட்டத்தில் அந்தக் கண்கள் இரண்டாகப் பிரிந்து, கையுறை போய், வாய்க்குள் வரிசையாக மனிதப் பற்கள் முளைத்திருந்தன. ரசிகர்கள் கொதித்தெழுந்தார்கள். சில நாட்களுக்குள் இயக்குநர் ஜெஃப் ஃபவுலர், உருவத்தை மாற்றுவதாக ஒப்புக்கொண்டார். சோனிக் படக்கதைகளை வரைந்து வந்த டைசன் ஹெஸ் வரவழைக்கப்பட்டார். நவம்பரில் வரவேண்டிய படம் 2020 பிப்ரவரி 14-க்குத் தள்ளிப் போயிற்று. இதைப் பலர் ரசிகர்களின் வெற்றி என்று கொண்டாடினார்கள். அந்தக் கொண்டாட்டத்தில் எனக்கு முழு மனம் இல்லை. அப்படத்தில் பணிபுரிந்த வான்கூவர் நகரத்து எம்.பி.சி. கலையகம், திருத்த வேலையெல்லாம் முடிந்த அந்த டிசம்பரிலேயே மூடப்பட்டு, பற்களைப் பிடுங்கிக் கொடுத்தவர்கள் கிறிஸ்துமஸுக்கு முன்னால் வேலையிழந்து நின்றார்கள். அந்த மூடலுக்கு நிறுவனம் சொன்ன காரணங்கள் வேறு என்றாலும், வரிசையாக நிற்கும் இந்த இரண்டு சம்பவங்களையும் பிரித்துப் பார்க்க மனம் இடம் கொடுப்பதில்லை.

எல்லா மெய்யுருவும் இப்படித் தோற்றுத்தான் போகும் என்று சொல்வதற்கில்லை. போகிமான் விளையாட்டுகளின் பிராணிகளுக்கு ஓணானின் செதிலையும் பூனையின் ரோமத்தையும் வைத்து விலங்கியல் ஏட்டில் வருவதுபோல வரைந்து வந்த ஆர்.ஜே. பாமர் என்ற ஓவிய ரசிகரை, அதே 2019-இல் வெளிவந்த 'டிடெக்டிவ் பிகாச்சு' படத்துக்கு அழைத்து வேலை கொடுத்தார்கள். அந்த ரோமம் அடர்ந்த பிகாச்சுவைக் குழந்தைகள் கட்டிக்கொள்ளவே விரும்பினார்கள். மூலத்தில் இருந்த இரண்டு கறுப்புக் கண்களும், பொட்டு அளவு மூக்கும், கன்னத்துச் செம்மையும் இருந்த இடத்திலேயே விடப்பட்டன என்பதைக் கவனிக்க வேண்டும். போர்வை மெய்யாயிற்று, முகத்தை எவரும் தொடவில்லை.

முகத்தை விட்டுவிட்டால் ஒரு பாத்திரத்தில் மெய்யாக்குவதற்கு என்ன மிஞ்சும்? எடை மிஞ்சும் என்பது என் எண்ணம். சொல்லப்போனால், எடையே எல்லாம். உயரத்திலிருந்து குதித்தவன் தரையைத் தொட்டவுடன் முழங்கால் எவ்வளவு மடிகிறது, மடிந்த பிறகு நிமிர எத்தனை கணம் ஆகிறது, தோளில் தொங்கும் மூட்டை உடம்பு நின்ற பிறகும் எவ்வளவு தூரம் முன்னே வீசிப்போய்த் திரும்புகிறது என்பனவற்றிலேதான், நாம் ஒரு மனிதனைப் பார்க்கிறோமா அல்லது வெறும் வர்ணத்தைப் பார்க்கிறோமா என்பது தீர்மானமாகிறது. பழைய விளையாட்டுகளில் பாத்திரங்களுக்கு எடை என்பதே கிடையாது. நடுவானில் திசை மாறுவார்கள், இடித்தால் மினுங்குவார்கள். அவர்களுக்கு ரசிகன் கொடுக்கக்கூடிய ஆகப் பெரிய கொடை புவியீர்ப்புதான்.

மான்டி ஓம் இதை எவரும் கற்பிக்காமலே அறிந்தவர். பள்ளிப் படிப்பைக்கூட முடிக்காதவர். அனிமேஷனைத் தாமே பயின்றவர். 2007-இல் அவர் தனியாக இயற்றிய 'ஹேலாய்ட்' என்ற படத்தில், வேறு வேறு நிறுவனங்களுக்குச் சொந்தமான இரண்டு விளையாட்டுகளின் வீரர்கள் எதிரெதிரே நிறுத்தப்பட்டார்கள்: ஒரு பக்கம் 'ஹேலோ'வின் கவசப் படைவீரர்; மறுபக்கம் 'மெட்ராய்டு' விளையாட்டின் சாமஸ். இருவரும் தலை முதல் கால் வரை இரும்பு அணிந்தவர்கள். (சாமஸ் பெண் என்பதே 1986-இல் வந்த முதல் விளையாட்டை விரைவாக ஆடி முடித்தவர்களுக்கு, கவசம் கழன்ற கடைசிக் காட்சியில்தான் தெரியவந்தது.) ஓவியர்கள் நிற்கும் நிலைகளைப் பார்த்து வரைவதற்காக உண்டான 'போஸர்' போன்ற எளிய கருவிகளைக் கொண்டே அவர் வேலை செய்தார், ஆகவே ஒளியும் தோலும் அவர் படங்களில் சாதாரணந்தான். ஆனால் ஓர் அடி விழுந்தால் அந்த அடி வாங்கியவருடைய உடம்பினூடே பயணம் செய்து மறுகால் வழியாகத் தரைக்குள் இறங்குவது தெரியும். அதே ஆண்டு தொடங்கிய 'டெட் ஃபேன்டஸி'யில் பாத்திரங்கள் முகம் திறந்தவர்கள். அந்த முகங்கள் மெழுகுபோல் இருப்பதைப் பற்றி ஒருவரும் கவலைப்படவில்லை, பார்க்க அவகாசம் கொடுத்தால்தானே. இந்தப் படங்களின் பெயரால் அவருக்கு வேலைகள் வந்தன. 2013-இல் 'ரூபி' என்று வழங்கும் தம் சொந்தத் தொடரைத் தொடங்கினார். 2015 பிப்ரவரி முதல் தேதி, 33 வயதில், ஒரு மருத்துவச் சிகிச்சையின்போது உண்டான ஒவ்வாமையின் விளைவாக மாண்டார்.

மான்டி ஓமின் படங்களில் வேகம் உண்டு, சஞ்சலம் உண்டு, சோகம் இல்லை. சோகத்தைக் கொண்டுவந்தவர்கள் என்று நான் கருதுவது கலிபோர்னியாவில் 'எம்பர் லேப்' என்ற சிறு கலையகத்தை நடத்திவந்த மைக் கிரையர், ஜாஷ் கிரையர் என்ற சகோதரர்களை. 2016-இல் அவர்கள் வெளியிட்ட 'டெரிபிள் ஃபேட்' ஐந்து நிமிஷ அளவுள்ள படம். அதன் மூலம், 2000-ஆம் ஆண்டில் நின்டெண்டோ 64 கருவிக்காக வந்த 'மஜோராஸ் மாஸ்க்' என்ற விளையாட்டு.

இந்த மூலத்தைப் பற்றிச் சிறிது சொல்லியாக வேண்டும். ஏனென்றால் மியமோட்டோவின் மீசையைப்போல இதுவும் கைமுதல் குறைவில் பிறந்தது. 1998-இல் பெரும் புகழ் பெற்ற 'ஆக்கரினா ஆஃப் டைம்' விளையாட்டுக்குப் பின், அடுத்ததை ஏறத்தாழ ஓராண்டுக்குள் முடித்துத் தரவேண்டும் என்று எய்ஜி அவோனுமா முதலிய வடிவமைப்பாளர்களுக்கு ஏற்பட்டது. புது உருவங்கள் செய்ய நேரமில்லாததால், பழைய விளையாட்டில் இருந்த உருவங்களையே எடுத்து வேறு பெயரும் வேறு விதியும் கொடுத்து வேறோர் உலகத்தில் உலவவிட்டார்கள். இதனால், முன்பு ஆடியவர்களுக்குத் தெரிந்த முகங்களெல்லாம் தம்மை அறியாத முகங்களாக வந்து நின்றன. கனவில் உறவினர்கள் அந்நியர்களைப்போல் நடந்துகொண்டால் உண்டாகும் கலவரம் அதில் இருந்தது. கதையோ மூன்று நாட்களின் கதை. பற்களைக் கடித்துக்கொண்டிருக்கும் முகமுடைய ஒரு சந்திரன் ஊரின்மேல் விழப்போகிறது. மூன்றாம் நாள் இரவுக்குள் காரியம் முடியாவிட்டால் காலத்தைத் திருப்பி மீண்டும் முதல் நாளுக்குப் போகவேண்டும். சந்திரனை இழுப்பவன் ஸ்கல் கிட் என்ற காட்டுப் பையன். அவன் இயல்பில் கொடியவன் அல்லன். தன் தோழர்களாகிய நான்கு பூதங்களும் தன்னை விட்டுப் போய்விட்டார்கள் என்ற ஏக்கத்தில் இருந்தவன், ஒரு முகமூடி வியாபாரியிடமிருந்து திருடி அணிந்த சபிக்கப்பட்ட முகமூடி அவனை ஆட்டுவிக்கிறது.

கிரையர் சகோதரர்கள் எடுத்துக்கொண்டது இந்தத் திருட்டை. விளையாட்டிலே ஆட்டக்காரர் வருவதற்கு முன்பே நடந்து முடிந்துவிட்ட சம்பவம் அது. உரை எழுதுவதற்கு அதைவிடத் தக்க இடம் கிடைக்காது. காட்டின் ஈரமும், மின்மினிப்பூச்சி போன்ற இரண்டு தேவதைகளின் ஒளி இலைகளின்மேல் ஓடுவதும், வைக்கோல் தொப்பியின் பிரிந்த விளிம்பும், கந்தைத் துணியின் இழையும் மெய் என்றே நம்பும்படி இருக்கின்றன. ஆனால் இந்தப் படத்தில் தோல் என்று சொல்லத்தக்கது எவ்வளவு குறைவு என்பதைப் பாருங்கள். பையனுடைய சொந்த முகமே மரக்கட்டை போன்றது. பறவையின் அலகுபோல் நீண்ட வாய். அதன்மேல் அவன் மாட்டிக்கொள்வதோ, இதய வடிவில் முள் முளைத்து, விழித்த கண்களோடு வர்ணம் தீட்டிய மரம். மனிதனாகிய வியாபாரிக்கு மூலத்திலேயே பெரும்பாலும் கண்மூடிய புன்னகைதான். அத்தனை முகமூடிகளைச் சுமக்கிறவனுக்குத் தன் முகமும் ஒரு சரக்கு. ஆகவே முகபாவம் என்பதற்கு இங்கே வழியே இல்லை. அந்த மூடப்பட்ட வழியினால் நடிப்பு முழுவதும் கழுத்துக்கும் தோளுக்கும் விரல்களுக்கும் இறங்கிவிடுகிறது. குறும்புக்காகக் கைநீட்டிய சிறுவன் முகமூடியை அணிந்த பிறகு அவன் முதுகு வளைகின்ற வளைவில், அவன் வலியில் துடிக்கிறானா, பலம் வந்த மகிழ்ச்சியில் துடிக்கிறானா என்று தெரியவில்லை. தெரியாமல் இருப்பதே அந்தக் காட்சியின் பயங்கரம். மோரி காட்டிய விக்கிரகத் தச்சரின் மரக்கை எனக்கு நினைவுக்கு வந்தது இந்த இடத்தில்தான்.

ஒரு விஷயத்தில் மட்டும் மூலமே உயர்ந்தது என்பேன். விளையாட்டில் அந்த வியாபாரி ஒரு நிலையிலிருந்து மற்றொரு நிலைக்கு மாறும்போது இடையில் அசைவே கிடையாது. கைகூப்பிச் சிரித்துக்கொண்டிருந்தவன், அடுத்த சட்டகத்தில் ஆட்டக்காரர் இயக்கும் சிறுவனின் கழுத்தைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருக்கிறான். நினைவகமும் நேரமும் போதாமல் இடைநிலைகளை விட்டார்களோ, வேண்டுமென்றே விட்டார்களோ, அந்த எடையற்ற தாவலில் உள்ள அமானுஷ்யத்தை எந்த ரெண்டரும் மிஞ்சவில்லை. மெய்யுருவில் ஆக்கும்போது இடைநிலைகளை நிரப்பித்தான் ஆகவேண்டும். நிரப்பினால் அவன் வெறும் கோபக்காரனாகிவிடுகிறான்.

முகமூடியும் கவசமும் இப்படித் திரும்பத் திரும்ப வருவது தற்செயல் அல்ல. வீடியோ கேம்கள் பலவற்றுக்கு இடம் கொடுத்த 'வார்ஹாமர் 40,000' உலகம், 1987-இல் மேசைமேல் சிறு பொம்மைகளை வைத்து ஆடும் விளையாட்டாகத் தொடங்கியது. சியாமா பெடர்சன் என்பவர் அதைக் கொண்டு 2018 முதல் 2020 வரை ஐந்து பகுதிகளாக வெளியிட்ட 'அஸ்டார்டீஸ்', என் மதிப்பில் இவ்வகையின் சிகரங்களுள் ஒன்று. வீரர்கள் தலைக்கவசத்தைக் கழற்றுவதில்லை. பேச்சு ஏறக்குறைய இல்லை. குண்டுமழைக்கு நடுவே அவர்கள் அவசரமில்லாமல் நடக்கிறார்கள். பாதம் விழும்போது இரும்புத் தளம் அதிர, அந்த அதிர்வு முடிந்த பிறகே அடுத்த பாதம் எழுகிறது. உடம்பின் பாரத்தைக் காட்டியே ஒரு படைவர்க்கத்தின் மனோபாவம் முழுவதையும் பெடர்சன் சொல்லிவிட்டார். மனித முகத்தை அசையவைக்க நடிகர்களும், அவர்கள் முகத்தில் புள்ளிகளிட்டுப் பதிவுசெய்யும் காமிராக்களும், பதிவைத் திருத்த ஒரு படையும் வேண்டும். தனி மனிதனுக்கு அது எட்டாத காரியம். எட்டாததனால் அவன் கவசம் பூண்டவர்களைத் தேர்ந்துகொள்கிறான். மீசையை வைத்து வாயை மறைத்த அதே தரித்திரந்தான், கணினியின் பலம் எத்தனையோ மடங்கு பெருகிய பிறகும் கூடவே வந்து, அதே உபகாரத்தைச் செய்துகொண்டிருக்கிறது. 2001-இல் 13 கோடி டாலருக்கு மேல் செலவிட்டு 'ஃபைனல் ஃபேன்டஸி: தி ஸ்பிரிட்ஸ் விதின்' படத்தை எடுத்தவர்களுக்கு இந்த உபகாரம் கிடைக்கவில்லை, கதாநாயகியின் தலையில் ஏறக்குறைய அறுபதாயிரம் மயிரிழைகளைத் தனித்தனியே அசைத்துக் காட்டினார்கள், அவள் கண்ணில் உயிர் இருக்கிறதா என்று பார்த்தவர்கள் உதட்டைப் பிதுக்கினார்கள், பணம் மூழ்கிற்று.

உரிமையாளர்கள் இந்த ரசிகர்களை நடத்தும் விதம் ஒரு சீரானதன்று. 'அஸ்டார்டீஸ்' இயற்றியவரை கேம்ஸ் ஒர்க்ஷாப் நிறுவனம் தன்னிடமே வேலைக்கு அமர்த்திக்கொண்டது. அமர்த்திய அதே 2021-ஆம் ஆண்டில், ரசிகர்கள் தன் உலகத்தைக் கொண்டு அனிமேஷன் படம் செய்யவே கூடாது என்று விதியையும் வெளியிட்டது. ஏறி வந்தவனை மாடியில் உட்காரவைத்து உபசரித்துக்கொண்டே ஏணியை எடுத்துவிட்டார்கள். சட்டப்படி அவர்கள் செய்தது சரி, பாத்திரம் அவர்களுடையது. ஆனாலும் அந்த மகா பாரமுள்ள நடை அவர்களுடைய எந்தப் பொம்மைக்கும் அதற்கு முன் இருந்ததில்லை, அது யாருடையது என்று கேட்கத் தோன்றுகிறது. சட்டம் இதற்குப் பதில் வைத்திருப்பதாகத் தெரியவில்லை. வைத்திருக்கவேண்டிய அவசியமும் ஒருவேளை இல்லை.

கிரையர் சகோதரர்கள் வேறு வழியில் போனார்கள். பிறருடைய முகமூடியில் ஐந்து நிமிஷம் கற்றுக்கொண்டதை மூலதனமாக வைத்து, 2021 செப்டம்பரில் 'கேனா: பிரிட்ஜ் ஆஃப் ஸ்பிரிட்ஸ்' என்ற தங்கள் சொந்த விளையாட்டை வெளியிட்டார்கள். குறும்படத்துக்கு இசை அமைத்த ஜேசன் கலட்டியே இதற்கும் இசை அமைத்தார். பாலித் தீவின் 'சூடாமணி' கேமலான் குழு அவரோடு சேர்ந்து வாசித்தது. அவ்வாண்டு கேம் அவார்ட்ஸ் விழாவில் சிறந்த சுயாதீன விளையாட்டு என்ற விருதும் கிடைத்தது. கதை, இறந்த பிறகும் போக மனமின்றித் தங்கிவிட்ட ஆவிகளை வழியனுப்பும் ஓர் இளம்பெண்ணைப் பற்றியது. இறந்தவர்களுக்காக மரத்தில் முகமூடி செதுக்குவது அந்த ஊராரின் வழக்கம். கேனா என்ற அந்தப் பெண்ணின் முகம் மட்டும் மூடப்படாதது. அகன்ற கண்களும் வழுவழுப்பான கன்னமுமாக, பெருங்கலையகங்களின் நாயகியர் வரிசையில் எங்கே வைத்தாலும் பொருந்திப் போகும். அந்த முகம் என் மனத்தில் நிற்கவில்லை. அவள் கோலை ஊன்றித் தாவி இறங்கும்போது தரை வாங்கிக்கொள்ளும் பாரமும், ஆவியின் நினைவுக்குள் புகுவதற்காக மரமுகமூடியை எடுத்துத் தன் முகத்தின் முன்னால் பிடிக்கும் கையும் நிற்கின்றன.